பிரிட்டிஷ் திரையில் துணை நடிகராக: புதிதாக வருபவர்களுக்கு ஒரு வழிகாட்டி

'காஷுவல்ட்டி' தொடரில் ஆஸ்பத்திரி வராந்தாவில் டாக்டர் சொல்வதைக் கேட்டு உடைந்துபோகும் அம்மா. 'மிட்சமர் மர்டர்ஸ்' தொடரில் காலையில் நாயோடு நடக்கப் போய்ப் பிணத்தைப் பார்த்துவிடும் பெரியவர். நீதிமன்றக் காட்சியில் எழுந்து நான்கு வரி பேசிவிட்டு உட்காரும் வக்கீல். பெயர் நமக்குத் தெரியாது, முகம் மட்டும் எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கும். பிரிட்டனில் இந்த வேடங்களை மட்டுமே செய்து பேரன் பேத்தி எடுத்தவர்கள் நிறையப் பேர். கதாநாயகன் ஆகும் வரை பொறுத்துக்கொள்ளும் வேலை என்று அவர்கள் இதை நினைப்பதில்லை. நீங்களும் அப்படி நினைக்காமல் உள்ளே வந்தால் பாதி ஏமாற்றம் குறையும்.

ஒரு காட்சிக்காக உங்களைக் கூப்பிடுகிறவர்களுக்குத் தேவை ஒன்றுதான்: வந்த உடனே அந்த ஆளாகவே தெரிய வேண்டும், இரண்டாவது டேக்கில் வேலை முடிய வேண்டும், யாருக்கும் தலைவலி தரக் கூடாது. கீழே வரும் படிகள் எல்லாம் இதற்கான ஏற்பாடுகள்.

முதலில் விசா

நடிப்பைப் பற்றி யோசிக்கும் முன் விசாவை எடுத்துப் பாருங்கள். ஸ்டூடன்ட் விசாவில் இருப்பவர் சம்பளத்துக்கு நடிக்கக் கூடாது. பட்டப்படிப்பு மாணவருக்கு வகுப்புகள் நடக்கும் பருவத்தில் வாரம் 20 மணி நேரம் வேலை செய்ய அனுமதி உண்டு. அது கடைக்கும் ஹோட்டலுக்கும் செல்லும். ஆனால் பொழுதுபோக்குக் கலைஞராக வேலை செய்வதும் சுயதொழிலும் அதே விதிகளில் தனியாகத் தடுக்கப்பட்டிருக்கின்றன. "கூட்டத்தில் ஒருவராகச் சும்மா நிற்கத்தானே போகிறேன்" என்ற சமாதானம் வேண்டாம், அதுவும் வேலைதான். படிப்பை முடித்து கிராஜுவேட் விசாவுக்கு மாறியவருக்கு இந்தத் தடை இல்லை. ஸ்கில்டு வொர்க்கர் விசாவில் இருப்பவருக்குப் பக்க வேலை விஷயத்தில் வரம்புகள் உண்டு. விதிகளைப் படிக்காமல் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். எப்படியும் தயாரிப்பு நிறுவனமோ ஏஜென்சியோ உங்கள் ஆவணங்களைக் கேட்டுத்தான் வேலை தரும்.

எந்த வாசல்?

உள்ளே போக இரண்டு வாசல்கள் உண்டு. பலர் தெரியாமல் மாறி நுழைந்துவிடுகிறார்கள்.

ஒன்று, சப்போர்ட்டிங் ஆர்ட்டிஸ்ட். ரயில் நிலையத்தில் நடப்பவர், பப்பில் பின்னால் உட்கார்ந்திருப்பவர், போர்க்களத்தில் விழுபவர். இதற்குப் பயிற்சி வேண்டாம், ஆடிஷன் வேண்டாம். இதற்கென்று இருக்கும் ஏஜென்சிகளில் புகைப்படமும் அளவுகளும் கொடுத்துப் பதிந்தால் போதும். லண்டன் சேரிங் கிராஸிலிருந்து 40 மைல் சுற்றளவில் நடக்கும் படப்பிடிப்புகளுக்கு, திரைத் தொழிலாளர்களுக்கான பெக்டு சங்கத்தில் கூட்ட நடிகர்களுக்கென்று இருக்கும் எஃப்.ஏ.ஏ. கிளையும் தயாரிப்பாளர் அமைப்பான பாக்ட்டும் சேர்ந்து போட்ட ஒப்பந்தம் இருக்கிறது. பைன்வுட், ஷெப்பர்ட்டன், லீவ்ஸ்டன் ஸ்டுடியோக்கள் எல்லாம் அந்த வட்டத்துக்குள் வருகின்றன. அடிப்படைக் கூலிக்கு மேல், சொந்தக் காரைக் கொண்டுவந்தால் தனி, மழையில் நனைந்தால் தனி, முடியை வெட்டினால் தனி என்று சேர்த்துத் தருவார்கள். நாள் முடிவில் தருகிற சீட்டில் இவையெல்லாம் எழுதப்பட்டிருக்கின்றனவா என்று பார்த்த பிறகே கையெழுத்துப் போடுங்கள்.

இன்னொன்று, வசனம் பேசும் துணை நடிகர். இதற்கு ஏஜென்ட், காஸ்டிங் டைரக்டர் (வேடங்களுக்கு ஆள் தேர்ந்தெடுப்பவர்), ஆடிஷன் என்று வேறு உலகம்.

முதல் வாசலில் நுழைந்தால் மெல்ல மெல்ல இரண்டாவதற்குப் போய்விடலாம் என்பது பலருடைய நம்பிக்கை. அநேகமாக நடக்காது. கூட்டத்தில் நிற்பவர்களை எடுப்பதும் வசனக்காரர்களை எடுப்பதும் வேறு வேறு ஆட்கள். கேமரா எங்கே நிற்கிறது, யார் யாருக்கு உத்தரவு போடுகிறார், ஒரே காட்சியை ஏன் இத்தனை தடவை எடுக்கிறார்கள் என்று பார்த்துக்கொள்ளக் கூட்டத்தில் கொஞ்ச நாள் நிற்பது நல்ல பள்ளி. காசும் வரும். ஆனால் அதை உங்கள் நடிப்புப் பட்டியலில் எழுதாதீர்கள். பார்த்த உடனே, இவர் தொழிலுக்குப் புதுசு என்று புரிந்துவிடும்.

பயிற்சி

ராடா (1904-இல் தொடங்கியது), லாம்டா, கில்ட்ஹால், பிரிஸ்டல், கார்டிஃப், கிளாஸ்கோ என்று பெயர் பெற்ற நாடகப் பள்ளிகள் உண்டு. வழக்கமான படிப்பு மூன்று வருடம். நுழைவு ஆடிஷனுக்கு ஷேக்ஸ்பியர் காலத்து வசனம் ஒன்று, இந்தக் காலத்து வசனம் ஒன்று கேட்பது வழக்கம். இங்கிலாந்தில் உள்நாட்டு மாணவருக்கான கட்டண உச்சவரம்பு 2025-26 கல்வியாண்டில் 9,535 பவுண்டு. வெளிநாட்டு மாணவருக்கு இரண்டு மடங்கைத் தாண்டும்.

இந்தப் பள்ளிகளின் பெரிய பலன், கடைசி வருடத்தில் ஏஜென்ட்டுகளையும் காஸ்டிங் டைரக்டர்களையும் வரவழைத்து மாணவர்களை நடிக்கவைத்துக் காட்டுவதுதான். பாடத்தை வெளியிலும் கற்கலாம். அந்த ஒரு மாலைப் பொழுதுக்கு வெளியே ஈடு கிடையாது.

குடும்பமும் வேலையும் இருப்பவரால் மூன்று வருடம் போக முடியாது. அவருக்கு லண்டன் கோவென்ட் கார்டன் பக்கத்தில் இருக்கும் சிட்டி லிட்டின் மாலை வகுப்புகளைச் சொல்வேன். 1919 முதல் பெரியவர்களுக்குக் கல்வி தரும் இடம், கட்டணமும் நியாயம். ஈலிங் பக்கம் இருப்பவர்களுக்கு குவெஸ்டர்ஸ் என்ற அமெச்சூர் நாடக அரங்கம் இருக்கிறது. தெற்காசியர்களுக்கு இன்னொரு வழியும் உண்டு: 1977-இல் தொடங்கிய தாரா, 1989-இல் தொடங்கிய தமாஷா போன்ற நாடகக் குழுக்கள். நம் முகங்களுக்குத் தொலைக்காட்சியில் கடைக்காரர், டாக்சி டிரைவர் தவிர வேறு வேடம் கிடைக்காத காலத்தில் மேடையில் முழு மனிதர்களாக நடிக்க இடம் கொடுத்தவர்கள் இவர்கள். அந்தக் காலம் எவ்வளவு மோசம் என்றால், லாம்டாவில் படித்த ரோஷன் சேத் லண்டனில் வேடங்கள் கிடைக்காமல் வெறுத்துப்போய் இந்தியாவுக்கே திரும்பிவிட்டார். பிறகு 'காந்தி' (1982) படத்தில் நேரு வேடம் தேடிவந்தது.

வயதாகிவிட்டதே என்று தயங்குகிறவர்கள் லிஸ் ஸ்மித்தைப் பற்றிப் படியுங்கள். 1921-இல் பிறந்தவர், கணவர் பிரிந்துபோன பிறகு இரண்டு பிள்ளைகளைத் தனியாக வளர்த்தவர். ஹாம்லீஸ் பொம்மைக் கடையில் வேலை செய்துகொண்டிருந்தபோது இயக்குநர் மைக் லீ கூப்பிட்டார். அப்போது வயது ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தது. 'எ பிரைவேட் ஃபங்ஷன்' (1984) படத்துக்காகச் சிறந்த துணை நடிகைக்கான பாஃப்டா விருது வாங்கினார். உண்மையில் துணை வேடங்களில் வயது ஒரு சரக்கு. இருபத்தைந்து வயதில் உங்களோடு போட்டி போட ஆயிரம் பேர் இருப்பார்கள். அறுபது வயதில் முதல் முறையாகத் தொழிலுக்கு வரும் தமிழ்ப் பெண்மணிக்குப் போட்டி மிகக் குறைவு.

கையில் இருக்க வேண்டியவை

ஹெட்ஷாட், அதாவது தோள் வரைக்குமான படம். கல்யாண ஸ்டுடியோக்காரரிடம் போகாதீர்கள். நடிகர்களைப் படம் எடுப்பதையே தொழிலாகச் செய்பவரிடம் போங்கள். முகத்தைத் துடைத்து மினுக்கிய படம் வேண்டாம். தழும்பு, கண்ணுக்குக் கீழே பை, நரை எல்லாம் இருக்கட்டும். படத்தைப் பார்த்துக் கூப்பிட்டவர் வாசலில் வேறு ஆளைப் பார்க்கக் கூடாது.

ஷோரீல், நீங்கள் நடித்த துண்டுகளின் தொகுப்பு. இரண்டு நிமிடம் போதும். முதல் பத்து நொடியில் உங்கள் முகமும் குரலும் வந்துவிட வேண்டும். இசையோடு பெயர் மெதுவாகத் தோன்றும் ஆரம்பமெல்லாம் வெட்டி எறியுங்கள். இன்னும் எதிலும் நடிக்கவில்லையென்றால் மாணவர் படங்களுக்குப் போங்கள். பீக்கன்ஸ்ஃபீல்டில் உள்ள நேஷனல் ஃபிலிம் அண்ட் டெலிவிஷன் ஸ்கூல், லண்டன் ஃபிலிம் ஸ்கூல் ஆகியவற்றின் பட்டப்படிப்புப் படங்கள் ஒளிப்பதிவிலும் ஒலியிலும் தரமானவை. பணம் பெரிதாக வராது, ஆனால் துண்டு நல்லதாக வரும். அதைவிட முக்கியம், அங்கே உங்களை இயக்கிய இருபத்து நான்கு வயதுப் பையன் ஆறு வருடம் கழித்துத் தொடர் எடுத்துக்கொண்டிருப்பான்.

ஸ்பாட்லைட். 1927 முதல் இருக்கும் நடிகர் விவரத்திரட்டு. ஒரு காலத்தில் தடித்த புத்தகங்கள், இப்போது இணையத்தில். இதில் இல்லாதவர் காஸ்டிங் டைரக்டர் கண்ணில் படுவது கஷ்டம். சேர முறையான பயிற்சி அல்லது தொழில்முறை வேடம் செய்ததற்கான சான்று கேட்பார்கள். கூட்டத்தில் நின்றது கணக்கில் வராது.

உங்கள் ஸ்பாட்லைட் பக்கத்தில் உச்சரிப்புகளை எழுதும் இடத்தில் நேர்மையாக இருங்கள். பர்மிங்காம் உச்சரிப்பு ஓரளவு வரும் என்றால் எழுதாதீர்கள், கேட்கும்போது அந்த ஊர்க்காரரே எதிரில் உட்கார்ந்திருப்பார். தமிழை மட்டும் தயங்காமல் எழுதுங்கள். யாழ்ப்பாணத் தமிழா, மதுரைத் தமிழா என்பதையும் சேர்த்து எழுதுங்கள். 'பிரிட்ஜர்டன்' இரண்டாம் பருவத்தில் (2022) ஷர்மா சகோதரிகளாக நடித்த சிமோன் ஆஷ்லி, சரித்ரா சந்திரன் இருவருமே தமிழ்க் குடும்பத்துப் பெண்கள். அந்தக் கதையில் "அப்பா" என்பார்கள், அடுத்த மூச்சில் அக்காவை வடக்கத்திப் பாணியில் "தீதி" என்பார்கள். இந்தியா முழுவதையும் ஒரே வீட்டில் குடிவைத்துவிட்டார்கள்! எழுதுபவர்களுக்கு இந்த வித்தியாசம் தெரியாது. தெரிந்த ஒருவர் செட்டில் இருப்பது அவர்களுக்கு லாபம்.

பெயரும் சங்கமும்

நடிகர் சங்கத்தின் பெயர் ஈக்விட்டி. 1930-இல் தொடங்கியது. ஒரு காலத்தில் அதன் அட்டை இல்லாமல் வேலையே கிடைக்காது. இப்போது கட்டாயமில்லை. ஆனாலும் சேருங்கள். பிபிசி, ஐடிவி, பாக்ட் ஆகியோருடன் சம்பள ஒப்பந்தங்களைப் பேசி வைத்திருப்பவர்கள் அவர்கள்தான். சம்பளம் வராவிட்டால் கடிதம் எழுதவும் ஆள் இருக்கிறது.

சேரும்போது ஒரு சிக்கல் வரலாம். ஒரே தொழிற்பெயரில் இரண்டு உறுப்பினர்கள் இருக்க விடமாட்டார்கள். டேவிட் மெக்டொனால்டு என்ற நடிகர் டேவிட் டென்னன்ட் ஆனது இதனால்தான். நம் பெயர்கள் இடித்துக்கொள்வது அபூர்வம். பெயர் நீளம் என்று யாராவது சுருக்கச் சொன்னால் அவசரப்பட்டுச் சுருக்க வேண்டாம் என்பது என் கட்சி. உதவி இயக்குநர் இரண்டு நாளில் கற்றுக்கொள்வார்.

ஏஜென்ட்

நல்ல ஏஜென்ட் உங்களிடம் முன்பணம் கேட்கமாட்டார். வேலை வாங்கிக் கொடுத்த பிறகு, வந்த தொகையில் பெரும்பாலும் 10 முதல் 15 சதவீதம் எடுத்துக்கொள்வார், வாட் பதிவு உள்ளவர் என்றால் அந்தத் தரகுமேல் 20 சதவீதம் வரி. நடிகரின் விவரத்தைத் தன் பட்டியலில் வெளியிடுவதற்காக அவரிடம் ஏஜென்சி கட்டணம் கேட்கச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் ஒப்பந்தம் போட்டு 30 நாள் ஆவதற்கு முன் அதை வாங்கக் கூடாது, அதற்குள் நீங்கள் விலகிக்கொள்ளலாம். "இன்றைக்கே எங்கள் ஸ்டுடியோவில் படம் எடுத்தால்தான் சேர்ப்போம்" என்றால், சரி என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிடுங்கள்.

ஏஜென்ட்டுக்கு எழுதும் மின்னஞ்சல் ஆறு வரியைத் தாண்டக் கூடாது. யார், எங்கே பார்க்கலாம், ஷோரீல் சுட்டி, அவ்வளவுதான். "சிறு வயது முதலே கலை ஆர்வம்" என்ற பத்தியை அவர்கள் தினமும் படிக்கிறார்கள். எழுதும் முன் அவருடைய பட்டியலைப் பாருங்கள். உங்கள் வயதில், உங்கள் சாயலில் ஏற்கெனவே இரண்டு பேர் இருந்தால் மூன்றாவதாக உங்களை எடுக்கமாட்டார்.

ஏஜென்ட் இல்லாத காலத்திலும் ஒரு வேலை செய்யலாம். தொடர் முடிந்து பெயர்கள் ஓடும்போது காஸ்டிங் டைரக்டர் யார் என்று குறித்துக்கொள்ளுங்கள். ஒரே பெயர்கள் திரும்பத் திரும்ப வரும். நீங்கள் எதிலாவது நடித்து ஒளிபரப்பாகும்போது, தேதியும் நேரமும் சொல்லி அவருக்கு இரண்டு வரி எழுதுங்கள். முன்பு இப்படிக் காட்டிக்கொள்ள நல்ல இடங்கள் இருந்தன: 'தி பில்' 2010-இல் முடிந்தது, 'ஹோல்பி சிட்டி' 2022-இல், பர்மிங்காமில் எடுத்த 'டாக்டர்ஸ்' 2024 நவம்பரில். எத்தனையோ பேருக்கு முதல் வசனம் கிடைத்த தொடர்கள் இவை. இன்று கார்டிஃபில் எடுக்கும் 'காஷுவல்ட்டி'யும், 'ஈஸ்ட்எண்டர்ஸ்', 'கொரனேஷன் ஸ்ட்ரீட்', 'எம்மர்டேல்' ஆகியவையும் மிச்சம். புதியவர்களுக்குக் கதவு முன்பைவிட ஒடுங்கியிருக்கிறது என்பதை மறைக்க மாட்டேன்.

செல்ஃப் டேப்

இப்போது முதல் சுற்று ஆடிஷன் பெரும்பாலும் உங்கள் வீட்டிலேயே நடக்கிறது. வசனப் பக்கங்களை அனுப்புவார்கள், சில நாளில் நீங்களே பதிவு செய்து அனுப்ப வேண்டும்.

போனைப் படுக்கை வசமாக வையுங்கள். பின்னால் வெற்றுச் சுவர். சாமி காலண்டரும் ஃபிரிட்ஜும் தெரியக் கூடாது. ஜன்னல் வெளிச்சம் முகத்தில் விழட்டும், முதுகுக்குப் பின்னால் வேண்டாம். மார்பு வரை தெரிந்தால் போதும். எதிர் வசனத்தைப் படிக்க ஒரு ஆள் தேவை. அவர் கேமராவுக்கு ஒட்டினாற்போல் நின்று, உங்களைவிடத் தணிந்த குரலில் படிக்க வேண்டும். நம் வீடுகளில் தம்பியோ மனைவியோதான் படிப்பார்கள். அவர்கள் நடிக்க ஆரம்பித்துவிட்டால் தடுத்துவிடுங்கள், காட்சி அவர்களுடையதாகிவிடும்.

லென்ஸைப் பார்த்துப் பேசாதீர்கள், அதற்குப் பக்கத்தில் பாருங்கள். மேடைக் குரல் வேண்டாம். வேடத்துக்கு ஏற்ற நிறத்தில் ஒரு சட்டை போதும், போலீஸ் உடுப்பை வாடகைக்கு எடுக்க வேண்டாம். கடைசியில் பெயர், உயரம், இருக்கும் ஊர் சொல்லி ஒரு தனித் துண்டு கேட்பார்கள். கோப்புக்கு எப்படிப் பெயர் வைக்கச் சொன்னார்களோ அப்படியே வையுங்கள். அப்புறம் மறந்துவிடுங்கள். கிடைக்கவில்லையென்றால் பெரும்பாலும் பதிலே வராது. அது அவமதிப்பு என்று எடுத்துக்கொண்டால் இந்தத் தொழிலில் தூங்க முடியாது.

சில நேரம் "பென்சில் செய்திருக்கிறார்கள்" என்று செய்தி வரும். அந்தத் தேதிகளில் உங்களைத் தற்காலிகமாகக் குறித்து வைத்திருக்கிறார்கள் என்று பொருள். அது வேலை உறுதி ஆகாது, பணமும் கிடையாது. வேறு வேலை வந்தால் ஏஜென்ட்டிடம் சொல்லுங்கள், அவர் அவர்களைக் கேட்டு முடிவு செய்வார். பென்சிலை நம்பி ஊருக்கு டிக்கெட்டை ரத்து செய்தவர்கள் உண்டு.

செட்டில் ஒரு நாள்

முந்தைய நாள் மாலை கால் ஷீட் வரும். எத்தனை மணிக்கு, எங்கே, எந்தக் காட்சி என்று எல்லாம் அதில் இருக்கும். காலை ஐந்தரைக்கு வயல் நடுவே ஒரு கார் நிறுத்துமிடம், அங்கே வேன்கள் வரிசை, அதுதான் யூனிட் பேஸ். ரயில் அந்த நேரத்தில் ஓடாது. ஓட்டுநர் உரிமமும் ஒரு கையாளக்கூடிய காரும் இருப்பது நடிப்புப் பயிற்சிக்குச் சமம் என்று சொன்னால் சிரிப்பீர்கள், ஆனால் கார் அனுப்பாத சின்னத் தயாரிப்புகளில் இதனால் வேடம் கைமாறியிருக்கிறது.

உங்களைக் கூட்டிக்கொண்டு போவது மூன்றாம் உதவி இயக்குநர். செட்டை நடத்துவது முதல் உதவி இயக்குநர். இவர் சொல்வதுதான் சட்டம். இயக்குநர் உங்களிடம் வந்து பேசுவார் என்று எதிர்பார்க்காதீர்கள். பேசாவிட்டால் சரியாகச் செய்கிறீர்கள் என்று அர்த்தம். ஒத்திகை ஒரு தடவை, கேமராவுக்காக ஒரு தடவை, அப்புறம் டேக்.

வசனத்தைத் தூக்கத்தில் கேட்டாலும் சொல்லும் அளவுக்கு மனப்பாடம் செய்துகொண்டு போங்கள், ஆனால் ஒரே ராகத்தில் பூட்டிவைக்காதீர்கள். நாற்காலியை எடுத்துவிட்டு நின்றுகொண்டு பேசச் சொல்வார்கள். எழுதியதை மேம்படுத்தாதீர்கள். எந்த வார்த்தையில் கோப்பையை எடுத்தீர்களோ, ஒவ்வொரு டேக்கிலும் அதே வார்த்தையில் எடுங்கள். கன்டினியூட்டி (டேக்குக்கு டேக் எல்லாம் பொருந்துகிறதா என்று) பார்ப்பவர் உங்களை வாழ்நாள் முழுக்க நினைவில் வைத்திருப்பார். கதாநாயகர் முகத்தை எடுக்கும்போது கேமராவுக்கு வெளியே நின்று உங்கள் வரிகளைச் சொல்ல வேண்டியிருக்கும். அப்போதும் முழுதாக நடியுங்கள். அவருக்கு உதவியவரை அவர் மறப்பதில்லை. செல்ஃபி கேட்காதீர்கள், ரகசிய ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டிருப்பீர்கள்.

இடைப்பட்ட நாட்கள்

வேலை உள்ள நாட்களைவிட இல்லாத நாட்களே அதிகம். நேரத்தை வளைத்துக்கொள்ள முடிகிற வேறொரு பிழைப்பு வேண்டும். அரங்கங்களில் டிக்கெட் கிழிப்பது, தற்காலிக அலுவலக வேலை ஆகியவை வழக்கம். எனக்குப் பிடித்தது வேறு: மருத்துவக் கல்லூரிகளிலும் தேர்வுகளிலும் நோயாளியாக நடிப்பது. வெளிநாட்டில் படித்த டாக்டர்களுக்கான பிளாப் இரண்டாம் தேர்வை மான்செஸ்டரில் எழுதிய நம் டாக்டர்களைக் கேட்டுப் பாருங்கள், நெஞ்சுவலி என்று எதிரே உட்கார்ந்தவர் நடிகராகத்தான் இருந்திருப்பார். ஒரே நாளில் ஒரே வலியைப் பலமுறை ஒரே மாதிரி சொல்ல வேண்டும். இதைவிட நல்ல பயிற்சி எங்கே கிடைக்கும்?

கணக்கு

நடிகர் பொதுவாகச் சுயதொழிலர். ஒரு வரி ஆண்டில் இந்த வருமானம் 1,000 பவுண்டைத் தாண்டினால், அந்த ஆண்டு ஏப்ரல் 5-இல் முடிந்த பிறகு வரும் அக்டோபர் 5-க்குள் வரித்துறையில் பதிய வேண்டும். இணையவழிக் கணக்கும் பணமும் ஜனவரி 31-க்குள். ஹெட்ஷாட், ஸ்பாட்லைட், ஈக்விட்டி சந்தா, ஏஜென்ட் தரகு, ஆடிஷன் பயணம் ஆகியவற்றின் ரசீதுகளை வைத்திருங்கள், செலவாகக் காட்டலாம். வரும் ஒவ்வொரு தொகையிலும் கால் பங்கை வேறு கணக்கில் போட்டுவிடுவது என் வழக்கம்.

ஒப்பந்தத்தில் இரண்டு விஷயங்களைத் தேடிப் படியுங்கள்: நடித்த நாளுக்கான தொகை, மறுஒளிபரப்புக்கும் மற்ற நாட்டு விற்பனைக்குமான தொகை. இரண்டாவதை மொத்தமாக முன்கூட்டியே கொடுத்து முடிக்கிறார்களா, ஓட ஓடத் தருகிறார்களா என்று ஏஜென்ட்டைக் கேளுங்கள். இது தவிர ஐரோப்பிய நாடுகளில் வசூலாகும் நடிகர் பங்கை வாங்கித் தரும் பெக்ஸ் என்ற அமைப்பில் தனியாகப் பதிய வேண்டும். ஈக்விட்டியில் சேர்ந்தால் இதுவும் தானாக நடந்துவிடும் என்று பலர் இருந்துவிடுகிறார்கள். வீடு மாறினால் அவர்களுக்கும் புது முகவரியைச் சொல்லிவிடுங்கள்.